இருபத்துமூன்று வாயும் ஒரு குரலும்

இந்தக் கதையின் கடைசியில் ஒரு மனிதர் வாயைத் திறப்பார். அப்போது நீங்கள் சிரிக்கலாம், வயிற்றைப் பிடித்துக்கொண்டு, பக்கத்தில் இருப்பவர் முதுகில் ஓங்கி ஒன்று வைத்து, கண்ணில் தண்ணீர் வரச் சிரிக்கலாம். ஆனால் அதற்கு இன்னும் நேரம் இருக்கிறது. அதுவரைக்கும் உதட்டை இறுக்கி வைத்திருங்கள். ஏனென்றால் அவருக்கு முன்னால் ஒரு ஏலக்காரர் வாயைத் திறக்க வேண்டியிருக்கிறது, ஒரு மீன்காரி திறக்க வேண்டியிருக்கிறது, அந்த வாய்களுக்கெல்லாம் சிரித்துத் தீர்த்துவிட்டால் கடைசி வாய்க்கு உங்களிடம் மிச்சம் இருக்காது.

ஆறும் கடலும் முட்டிக்கொள்கிற இடத்தில், ஒரு அனல்மின் நிலையத்தின் இரண்டு புகைபோக்கிகளுக்கு நேர் கீழே இருக்கிறது ஆறுவாய்க் குப்பம். அங்கே வானத்திலிருந்து மழை எப்போதாவது விழும், சாம்பல் எப்போதும் விழும். கொடியில் காய்கிற துணியில் விழும், திறந்து வைத்த குழம்பில் விழும், தூங்குகிற நாயின் முதுகில் விழும், பரீட்சைக்குப் போகிற பிள்ளையின் எண்ணெய் வைத்த தலையில் விழுந்து ஒட்டிக்கொள்ளும். குப்பத்தில் அதைச் சாம்பல் என்று ஒருவரும் சொல்வதில்லை, மாவு என்பார்கள். அந்த மாவில் பிறந்து மாவில் வளர்ந்தவள் ஜான்சி. நடக்கப் பழகும் முன்பே அவள் ஸ்டார்ட் ஆகாத போட் என்ஜின் மாதிரி இருமிக் காட்டினாள், பள்ளிக்கூடம் போன முதல் வாரமே தலைமையாசிரியை மாதிரி 'சைலன்ஸ்' என்று கத்தி ஆறாம் வகுப்பு முழுவதையும் முட்டிபோட வைத்தாள், அப்புறம் கண்டக்டர், அப்புறம் ஓட்டுக் கேட்டு வருகிற ஆட்டோவின் ஒலிபெருக்கி, அப்புறம் கேஸ் சிலிண்டர்க்காரர், என்று அவள் வாய்க்குள் போகாதவர்களே அந்தத் தெருவில் இல்லை.

பதினைந்தாவது வயதில், ஒரு செவ்வாய்க்கிழமை காலை, மணலில் மீன் ஏலம் நடந்துகொண்டிருந்தபோது அது நடந்தது. ஏலக்காரர் எட்டியப்பன், 'ஒரு தரம்' என்றார், 'ரெண்டு தரம்' என்றார், மூச்சு வாங்க நிறுத்தினார். கவிழ்த்துப் போட்டிருந்த படகுக்குப் பின்னால் இருந்து ஜான்சி அவர் குரலில், மயிரிழை பிசகாமல், 'மூணு தரம்' என்றாள். வியாபாரி கூடையைத் தூக்கிக்கொண்டு போய்விட்டார். எட்டியப்பன் ஆட்சேபிக்க வாயைத் திறந்தார். வாயிலிருந்து காற்று வந்தது. கடற்காற்றுதான், கொஞ்சம் உப்பு, கொஞ்சம் கருவாட்டு வாசனை, உஸ்ஸென்று. குரல் வரவில்லை, ஏனென்றால் குரல் ஜான்சியிடம் இருந்தது.

குப்பம் இதற்கு ஆச்சரியப்பட்டது என்று நினைக்காதீர்கள். கடலில் போனவன் திரும்பி வருவதையே தினமும் பார்க்கிற ஊருக்குக் குரல் போய்த் திரும்புவது ஒரு விஷயமா. எட்டியப்பனின் சம்சாரம் மட்டும், சனிக்கிழமை வரைக்கும் அது அந்தப் பொண்ணுகிட்டேயே இருக்கட்டும், வூட்ல கொஞ்சம் நிம்மதியா கீது என்று சொல்லிப் பார்த்தார். கடைசியில் ஜான்சியே ஓடிவந்து, எட்டியப்பனின் காதில் வாயை வைத்து, அவர் குரலிலேயே 'எட்டியப்பா' என்று அவர் பேரைக் கூப்பிட்டாள். குரல் வீட்டைப் பார்த்த மாடு மாதிரி உள்ளே போய்ப் படுத்துக்கொண்டது. அன்றிலிருந்து அதுதான் முறை ஆனது: அச்சு அசலாகப் பேசினால் குரல் அவளிடம் வரும், சொந்தக்காரர் காதில் பேர் சொல்லிக் கூப்பிட்டால் வீடு திரும்பும்.

ஒரு வாரத்தில் பஞ்சாயத்து கூடியது. தலைவர் தேசப்பன், தாடியும் மீசையும் சேர்ந்து உதடு எங்கே இருக்கிறது என்றே தெரியாத மனிதர், கேட்காமல் யார் குரலையும் எடுக்கக் கூடாது, எடுத்தால் அடுத்த முறை கடல் ஏறுவதற்குள் திருப்பித் தர வேண்டும் என்று தீர்மானம் போட்டார். அதன் பிறகு ஊரே வரிசையில் நின்றது. தொண்டை கட்டியவர்கள் குரலை ஜான்சியிடம் கொடுத்து ஒரு பொழுது ஓய்வு எடுத்தார்கள். குடித்துவிட்டு அலம்பல் பண்ணுகிறவனின் குரலை அவன் பெண்சாதி ஞாயிற்றுக்கிழமை காலையிலேயே கொண்டுவந்து ஒப்படைத்தாள். சவுதியில் வேலை பார்த்த முரளியின் குரலைப் போனில் கேட்டுக் கேட்டு வரவழைத்து, அவன் இன்னும் கண்ணால் பார்க்காத அவன் பிள்ளைக்குப் பாட்டுப் பாடித் தூங்க வைத்தாள். அங்கே அவன் பாலைவன வெயிலில் ஊமையாய் நின்று சூப்பர்வைசரிடம் திட்டு வாங்கினான், வாங்கிக்கொண்டே சிரித்தான், புள்ள தூங்கியிருக்கும் என்று. செல்போன் கடைக்காரர் ஒருவர் ஜான்சியை எட்டியப்பன் குரலில் பேச வைத்து ரிங்டோனாகப் பதிந்து வைத்தார். குரல் வீடு திரும்பியதும் ரிங்டோனில் வெறும் காற்று அடித்தது. அவள் பேசிப் பதிந்தது எதுவானாலும் அப்படித்தான். குரலுக்கு ஒரு வீடுதான், அது திரும்பும்போது எல்லா இடத்திலிருந்தும் திரும்பிவிடும். இதை நினைவில் வைத்துக்கொள்ளுங்கள். சிரிக்கிற இடம் இன்னும் வரவில்லை.

இப்படி இருக்கும்போதுதான் நிகிலன் வந்தார். ஆவணப்படம் எடுப்பவர், சோதனைப் படமும் எடுப்பவர், நண்டு வளையை ஏழு நிமிடம் அசையாமல் எடுத்து அதற்கு வெளிநாட்டில் கைதட்டு வாங்கியவர். அதிகாரியிடம் பேசும்போது அவருக்கு ஒரு குரல், குப்பத்துக்காரர்களிடம் பேசும்போது ஒரு குரல், போனில் வெளிநாட்டுக்குப் பேசும்போது மூக்கு வழியாக ஒரு குரல். எது அசல் என்று தெரியாததால் ஜான்சியால் அவர் குரலை மட்டும் பிடிக்க முடியவில்லை. எத்தனையோ முறை முயன்றாள். ஒவ்வொரு முறையும் போலிதான் வந்தது, போலிக்குப் போலி பண்ணினால் எதுவும் வராது.

முதல் நாள் படப்பிடிப்பு முடிந்ததும் அவர் விரலைத் தூக்கி, 'ரூம் டோன், ஒன் மினிட், யாரும் அசையாதீங்க' என்றார். படம் எடுத்த இடத்தின் அமைதியைத் தனியாகப் பதிந்துகொள்வது அவர்கள் தொழிலின் வழக்கம், வெட்டி ஒட்டும்போது இடைவெளியை நிரப்ப. குப்பத்துக்கு அது தெரியாது. ஒரு நிமிடம் அசையாமல் நிற்பதென்றால் அவர்களுக்குத் தெரிந்த காரணம் ஒன்றுதான். ஆண்கள் தலைத்துண்டை அவிழ்த்தார்கள், பெண்கள் முந்தானையை இழுத்துப் போர்த்தினார்கள், எல்லோரும் தலை குனிந்து நின்றார்கள். நிமிடம் முடிந்ததும் தேசப்பன் மெதுவாகக் கேட்டார்.

"யாருப்பா செத்தது?"

நிகிலன் அன்று விழுந்து விழுந்து சிரித்தார். அப்புறம் எல்லோர் காதிலும் ஹெட்போனை மாட்டிப் பதிந்ததைக் கேட்க வைத்தார். உஸ்ஸென்று காற்று. இதுதான் உங்க ஊரோட சைலன்ஸ் என்றார். ஊர் அதையும் எடுத்து வைத்துக்கொண்டது. புருசன் பெண்டாட்டி சண்டை முற்றினால் யாராவது 'ரூம் டோன்' என்பார்கள், இரண்டு பேரும் ஒரு நிமிடம் தலை குனிந்து நிற்பார்கள், நிமிடம் முடிந்ததும் ஒருவர் 'யாருப்பா செத்தது' என்பார், சண்டை அங்கேயே செத்துவிடும்.

நிகிலன் ஜான்சியைப் பெர்ஃபார்மர் என்றார். கன்னியம்மா அத்தைக்கு, தலையில் மீன் கூடை வைத்து ஏழு ஊர் கேட்கக் கூவுகிறவளுக்கு, அந்த வார்த்தை வாயில் நுழையவில்லை. எங்க பொண்ணு பர்மா ஆயிட்டா என்று தெருவெல்லாம் சொல்லிக்கொண்டு போனாள். எல்லோர் குரலும் தெரிந்த அந்தப் பெண்ணை வைத்து நிகிலன் எடுத்தது நாற்பது நிமிடம் அவள் வாயே திறக்காமல் வலை பின்னுகிற படம். இவள் மௌனத்தின் உடல் என்று பேட்டி கொடுத்தார். ஜான்சிக்கு உதடு அரித்தது, ஆனாலும் பொறுத்துக்கொண்டாள், ஏனென்றால் அந்தப் படத்தின் முடிவில் கறுப்புத் திரையில் வெள்ளை எழுத்தில் அவள் பேர் வந்தது. அது ஏதோ ஒரு நாட்டு விழாவுக்குத் தேர்வாகியிருந்தது. அவள் ஒரு நடிகை என்று உலகத்திடம் காட்ட அவளிடம் இருந்த ஒரே சாட்சி அந்த ஒரு வரிதான்.

பிறகு தெற்குக் கால்வாய் விவகாரம் வந்தது. மின் நிலையத்துக்கு மாவு கொட்ட இடம் போதவில்லை, தெற்குக் கால்வாயைத் தூர்த்து அங்கே கொட்டப்போகிறார்கள் என்று செய்தி வந்தது. குப்பத்தின் நண்டும் இறாலும் மடவையும் அந்தக் கால்வாயில்தான். அது போனால் குப்பம் போகும். கருத்துக்கேட்புக் கூட்டத்துக்கு நாள் குறித்தார்கள். நிகிலன் தானாகவே வந்து, நீங்க சொல்ல வேண்டியதை கேமராவுக்குச் சொல்லுங்க, கூட்டத்துல திரை கட்டிப் போடுறேன் என்றார். இருபத்துமூன்று பேர் சொன்னார்கள். தொண்டை கிழியச் சொன்னார்கள். அவர் ஒவ்வொருவர் கையையும் பிடித்துக் கண்கலங்கிவிட்டுப் போனார், போனவர் மின் நிலையத்தின் விருந்தினர் மாளிகையில்தான் இறங்கினார் என்பது குப்பத்துக்குத் தெரியாது.

கூட்டத்துக்கு முந்தின நாள் காலை ஜான்சியைப் பட்டணத்து ஸ்டூடியோவுக்குக் கூப்பிட்டார். காற்றில் எல்லார் சத்தமும் கெட்டுப்போச்சு, நீதான் இருபத்துமூன்று பேருக்கும் குரல் கொடுக்கணும், உன்னால மட்டும்தான் முடியும் என்றார். கையில் தாள்களைக் கொடுத்தார். முதல் தாள் தேசப்பனுடையது. அவர் தாடிக்குள் உதடு தெரியாது, அதனால் முதலில் ஜான்சிக்கு ஒன்றும் தோன்றவில்லை, மனுசன் கொஞ்சம் சுத்தமாகப் பேசியிருக்கிறார் என்றுதான் நினைத்தாள். அடுத்ததாக அடியில் இருந்த கன்னியம்மாவின் தாளை உருவினாள். திரையில் அத்தையின் வாய் பட்டப்பகல் மாதிரி தெரிந்தது. உதடு மூடியது, திறந்தது, மூடியது, மூடியது, திறந்தது. மாவு கொட்டுது, மடியில கொட்டுது, மொகத்துல கொட்டுது, பெத்த புள்ள மேல கொட்டுது. ஊரெல்லாம் வாய் பார்த்து வளர்ந்தவளுக்கு ஒலி எதற்கு. தாளில் எழுதியிருந்ததோ, 'எங்க ஊரே செழிச்சுக் கிடக்குது.'

"சார், லிப்பு ஒத்து வர்ல. அத்தை வாய் 'மா'னு மூடுது. நீங்க எழுதுனத சொன்னா உதடு ஒருவாட்டி கூட ஒட்டாது."

"ஜான்சி, இது எக்ஸ்பெரிமெண்டல் ஃபிலிம். லிப் சிங்க்கை நாம உடைக்கிறோம்."

"அத்தையோட வாயையே உடைக்கிறீங்க சார்."

நிகிலன் குரலைத் தாழ்த்தினார். எத்தனையாவது குரல் அது என்று ஜான்சி எண்ணிக்கொண்டாள். நீ பண்ணலைன்னா கோடம்பாக்கத்துல மிமிக்ரி பண்றவங்க முப்பது பேர் கீழ நிக்கிறாங்க, சாயங்காலத்துக்குள்ள முடிச்சுடுவேன், அந்த வலைப்படத்துல உன் பேர் இருக்கணுமா வேண்டாமானு மட்டும் யோசிச்சுச் சொல்லு என்றார்.

யோசிக்க ஒரு நிமிடம் கேட்டாள். ரூம் டோன் மாதிரி தலை குனிந்து நின்றாள். கிளம்பிப் போனால் வேறு யாரோ பேசிவிடுவார்கள், நாளைக்குப் பந்தலில் எழுபது வருசக் குப்பமும் செழித்துக் கிடக்கிறது என்று பதிவாகிவிடும், கால்வாயும் போய்விடும், பேரும் போய்விடும். அந்த ஒரு நிமிடத்தின் கடைசி நொடியில் அவள் வயிற்றுக்குள் இருந்து ஒரு சிரிப்பு கிளம்பியது. உங்களுக்கு நான் தடை போட்டிருக்கிற அதே சிரிப்பு. அதை உதட்டுக்குள்ளேயே வைத்துக்கொண்டு நிமிர்ந்தாள்.

"பண்றேன் சார். ஆனா எனக்கு எமோஷன் புரியல. இருபத்துமூணையும் நீங்க ஒருவாட்டி பேசிக் காட்டுங்க. பைலட் டிராக் மாதிரி."

பைலட் டிராக் என்பது டப்பிங் பேசுகிறவர் கேட்டுப் பழகுவதற்காக முன்கூட்டிப் பேசி வைக்கிற மாதிரிக் குரல். தன் குரலைக் கேட்க மாட்டேன் என்று சொல்கிற ஆள் இல்லை நிகிலன். மைக் முன்னால் உட்கார்ந்தார். முதல் ஐந்து தாளை அதிகாரியிடம் பேசுகிற குரலில் பேசினார், அடுத்த ஐந்தை விழா மேடைக் குரலில் பேசினார், ஜான்சி ஒவ்வொன்றுக்கும் இன்னும் கொஞ்சம் ஃபீலிங் சார், இன்னும் கொஞ்சம் சார் என்று திரும்பப் பேச வைத்தாள். மதியம் ஆனது, சாப்பாடு வரவில்லை, ஏசி நின்றது. பத்தொன்பதாவது தாளில் களைப்பும் பசியும் சேர்ந்து அவருடைய மெருகு எல்லாம் உரிந்து விழுந்தது. 'எங்க பொழைப்பே மாறிப்போச்சுங்' என்றார்.

அந்த 'ங்'. பன்னிரண்டு வருசமாக அவர் யாருக்கும் காட்டாமல் பூட்டி வைத்திருந்த, மேற்கே எங்கேயோ மஞ்சள் காட்டுக்கு நடுவே அவர் அம்மாவிடம் கற்ற, நல்ல, மரியாதையான, இனிப்பான 'ங்'. அவருக்கே தெரியாமல் வந்துவிட்டது. இருபது, இருபத்தொன்று, இருபத்திரண்டு, எல்லாவற்றிலும் வந்தது. ஜான்சி கண்ணை மூடிக்கொண்டு கேட்டாள். அசல் வந்துவிட்டது. இனி எப்போது வேண்டுமானாலும் எடுக்கலாம்.

பிறகு வெளியே போய்க் குப்பத்துக்குப் போன் பண்ணினாள். கன்னியம்மாதான் எடுத்தாள். ஜான்சி முழுவதும் சொன்னாள், தாளில் இருந்ததைப் படித்தும் காட்டினாள். 

"அத்த, உன் வாயால ஒரு பொய் வரப்போவுது. குடுப்பியா?"

"எந்நேரம் திரும்பி வரும் என் கொரலு?"

"பொழுது சாயறதுக்குள்ள."

"வரச்சொல்ல அந்தாளு வார்த்தை அதுல ஒட்டிக்கினு வரக் கூடாது. கழுவிட்டுக் குடு."

கன்னியம்மா போனை வீடு வீடாகத் தூக்கிக்கொண்டு போனாள், மற்ற இருபத்திரண்டு பேரும் சரி என்றார்கள். அன்று மதியம் ஆறுவாய்க் குப்பத்தில் இருபத்துமூன்று பேர் ஊமையானார்கள். தேசப்பன் சைகையில் பஞ்சாயத்துப் பண்ணினார். எட்டியப்பன் விரல் விட்டு ஏலம் போட்டார். கன்னியம்மா கூடையோடு ஏழு தெரு நடந்தாள். கூவல் இல்லை, ஆனால் அவள் வாயிலிருந்து வந்த காற்றின் மீன் வாசனைக்கே கதவுகள் திறந்தன. ஸ்டூடியோவில் நிகிலன் கண்ணாடிக்கு அந்தப்பக்கம் உட்கார்ந்து இருபத்துமூன்று பொய்களையும் இருபத்துமூன்று குரலில் கேட்டு, பிரமாதம் என்று தொடையைத் தட்டினார். உடனே கடைசிப் பிரதி எடுத்து, ஒருமுறை போட்டுப் பார்த்து, பையில் வைத்துப் பூட்டினார். அப்போது எல்லாக் குரலும் சரியாகத்தான் இருந்தன, ஏனென்றால் அப்போது அவை ஜான்சியிடம்தான் இருந்தன.

அவள் கிளம்பும்போது அவருக்கு இன்னொரு யோசனை தோன்றியது. நாளைக்குத் திரைக்குப் பக்கத்தில் நீ உட்கார்ந்து வலை பின்னணும், லைவ்வா, ஒரு வார்த்தை பேசாமல் என்றார். நூல் உரசுகிற சத்தம் கேட்கணும், அதற்கு உன் முன்னால் ஒரு மைக் வைக்கிறேன் என்றார். ஜான்சி, சரி சார் என்றாள். வேறென்ன சொல்வாள். அவரே கொண்டுவந்து வைக்கிற மைக்கை வேண்டாம் என்பதா.

பொழுது சாயுமுன் பஸ்ஸை விட்டு இறங்கினாள். தெருக்குழாயில் கைப்பிடி உப்பைப் போட்டு மூன்று முறை வாய் கொப்பளித்துத் துப்பினாள். பிறகு வீடு வீடாகப் போய்க் காது காதாகக் குனிந்து, தேசப்பா என்றாள், எட்டியப்பா என்றாள், கன்னிம்மா என்றாள். கன்னியம்மா குரல் திரும்பியதும் முதலில் தன் பேரைத்தான் சொல்லிப் பார்த்தாள், பிறகு ஒரு பெரிய வசவைச் சொல்லிப் பார்த்தாள், இரண்டும் சுத்தமாக இருந்தன.

மறுநாள் காலை பள்ளிக்கூட மைதானத்தில் கறுப்புத் துணிப் பந்தல். மாவு அதன்மேல் மெதுவாக விழுந்து பந்தலை வெள்ளையாக்கிக்கொண்டிருந்தது. மாவட்டத்திலிருந்து வந்த அதிகாரி அம்மாள் மேடையில் உட்கார்ந்தார். பக்கத்தில் ஒரு பெண் கணினியில் தட்டச்சுக்குத் தயாராக இருந்தார். இன்றைக்கு எழுதப்படுவதில் ஆட்சேபம் இல்லை என்று இருந்தால் நாளைக்கே தெற்குக் கால்வாயில் லாரி இறங்கும். தேசப்பன் எழுந்து பேச வேண்டும் என்றார். அதிகாரி அம்மாள் கண்ணாடியைச் சரிசெய்துகொண்டு, கிராம மக்களின் கருத்து ஆவணப்படமாகப் பெறப்பட்டுள்ளது, எனவே தனித்தனியாகப் பேச நேரம் ஒதுக்கப்படவில்லை, விளக்கம் அளிக்க இயக்குநருக்கு மட்டும் அனுமதி உண்டு, மைக்கில் வருவது மட்டுமே பதிவாகும் என்று படித்தார். தேசப்பன் உட்கார்ந்தார். உட்காரும்போது ஜான்சியைப் பார்த்தார். அவள் திரைக்கு ஓரமாக, மடி நிறைய வலையோடு, முகத்துக்கு நேரே வலையைத் தூக்கிப் பிடித்தபடி உட்கார்ந்திருந்தாள். அவள் முன்னால் நிகிலன் வைத்த மைக்.

நிகிலன் மேடைக் குரலில் பத்து நிமிடம் பேசிவிட்டு முன்வரிசையில் உட்கார்ந்தார். படம் ஓடியது. பெரிய திரையில் தேசப்பனின் தாடி அசைந்தது. சத்தம் இல்லை. வெறும் காற்று. நிகிலன் படம் ஓட்டுகிறவரைத் திரும்பி முறைத்தார். அந்த நேரத்தில் ஒலிபெருக்கி பேசியது.

"மாவு கொட்டுதுங். எழுபது வருசமா இருக்கற ஊருங். எங்க தலைமேல கொட்டறதுக்கு யாருங் உங்களுக்குச் சொன்னது?"

தேசப்பனின் வாயில் நிகிலனின் குரல், தாடியின் அசைவோடு அசைவு பொருந்தி. நிகிலன் முதலில் என்ன நினைத்தார் தெரியுமா. பைலட் டிராக்கை எடுக்க மறந்துட்டானுங்க என்று நினைத்தார். நினைத்துவிட்டு, ஆனாலும் குரல் எவ்வளவு நன்றாக இருக்கிறது என்று தலையை லேசாக ஆட்டினார். சொந்தக் குரலில் மயங்கிய மனிதருக்கு வார்த்தை காதில் விழ நேரமாகும். அதிகாரி அம்மாள் தட்டச்சுப் பெண்ணைப் பார்த்தார். இயக்குநர் குரல்தான், அனுமதி உண்டு, எழுதும்மா என்று கண்ணால் சொன்னார். விரல்கள் ஓடின.

எட்டியப்பன் முகம் வந்தது. 'நண்டைப் புடிச்சா கண்ணு தொறக்க மாட்டேங்குதுங், ஏலத்துல குருட்டு நண்ட நான் எப்படிங் கூவறது' என்றது. முரளியின் பெண்சாதி முகம் வந்தது, 'எம்புள்ள பம்ப்பு அடிச்சுத்தானுங் மூச்சு வுடுது, அப்பன் குரல் கேட்டுத் தூங்கற புள்ளைங், இருமி இருமி முழிச்சுக்குதுங்' என்றது. ஒவ்வொரு முகத்திலும், மீனவர் முகத்திலும் கிழவர் முகத்திலும் பள்ளிக்கூடப் பெண்ணின் முகத்திலும், அதே இனிப்பான, மரியாதையான, பல்லைக் கடித்த கோபம். அவர்கள் அன்றைக்குச் சொன்னது ஒரு வார்த்தை விடாமல், முந்தின இரவு ஜான்சி அவரவர் வாயால் திரும்பக் கேட்டு மனசில் வாங்கி வைத்தபடி. வலைக்குப் பின்னால் ஜான்சியின் உதடு மட்டும் அசைந்தது. யாரும் அவளைப் பார்க்கவில்லை. மௌனத்தின் உடலை யார் பார்ப்பார்கள்.

இருபத்துமூன்றாவதாகக் கன்னியம்மா வந்தாள், திரை நிறைய. "மாவு கொட்டுது, மடியில கொட்டுது, மொகத்துல கொட்டுது, பெத்த புள்ள மேல கொட்டுதுங். கால்வாயில கொட்டினீங்கன்னா, லாரிக்கு முன்னால மொத ஆளா நான் படுப்பனுங். எங்க ஆட்சேபத்த எழுதிக்குங்."

'மொத ஆளா நான் படுப்பனுங்' என்று தன் குரல் சொன்னதைக் கேட்டபோதுதான் நிகிலனுக்கு வார்த்தை காதில் விழுந்தது. முன்வரிசையில் இருந்த மின் நிலையத்து மேலாளர் அவரை ஒரு பார்வை பார்த்தார். விருந்தினர் மாளிகையின் எல்லா அறைகளும் அந்தப் பார்வையில் மூடிக்கொண்டன. நிகிலன் துள்ளி எழுந்தார்.

அதிகாரி அம்மாள் மேடையிலிருந்து கேட்டார். "இயக்குநர் சார், இருபத்துமூணும் உங்க குரல்லதான் வந்திருக்கு. அப்படியே பதிவு பண்ணியாச்சு. மறுக்கிறதா இருந்தா மைக்ல சொல்லுங்க."

நிகிலன் பாய்ந்து மேடை மைக்கைப் பிடித்தார். வாயைத் திறந்தார்.

உஸ்ஸ்.

பந்தலின் நான்கு மூலை ஒலிபெருக்கியிலும் காற்று அடித்தது. கொஞ்சம் ஸ்டூடியோ ஏசி, கொஞ்சம் மஞ்சள் காட்டு வாசனை. குப்பம் அந்தச் சத்தத்தை உடனே அடையாளம் கண்டுகொண்டது. அவரே ஒவ்வொரு காதிலும் மாட்டிவிட்டுக் கேட்க வைத்த சத்தம் ஆயிற்றே. ஒருவர் எழுந்தார், பத்துப் பேர் எழுந்தார்கள், முந்நூறு பேர் எழுந்தார்கள். துண்டுகள் தலையிலிருந்து இறங்கின, முந்தானைகள் தோளைச் சுற்றின. ஒருவர் அசையவில்லை, ஒருவர் இருமவில்லை. அதிகாரி அம்மாளும் என்னவோ ஏதோ என்று எழுந்து தலை குனிந்தார். தட்டச்சுப் பெண் எழுந்தார். மேலாளரும் வேறு வழியில்லாமல் எழுந்தார். நிகிலன் மறுபடி வாயைத் திறந்தார், உஸ்ஸ். முழுசாக ஒரு நிமிடம், ஆட்சேபத்தை மறுக்க வந்த மனிதர் முந்நூறு பேருக்கு முன்னால் நின்று காற்று வீசினார், அவருடைய மறுப்பில் ஒரு எழுத்துகூடப் பதிவாகவில்லை.

நிமிடம் முடிந்தது. தேசப்பன் துண்டைத் தோளில் போட்டார்.

"யாருப்பா செத்தது?"

திரைக்கு ஓரத்திலிருந்து, நூல் உரசும் சத்தத்துக்காக வைத்த மைக்கில், நிகிலனின் அம்மாவே கேட்டிருந்தாலும் ஏமாந்திருக்கக்கூடிய குரலில் பதில் வந்தது.

"யாரும் சாவலைங். எம்பேர வேணும்னா அந்த வலைப்படத்துலருந்து எடுத்துக்குங்."

நிகிலனின் கை மெதுவாகத் தொண்டைக்குப் போனது. திரையைப் பார்த்தார், மைக்கைப் பார்த்தார், மைக்கிலிருந்து வலையைப் பார்த்தார், வலைக்கண் ஒன்றின் வழியாகத் தெரிந்த உதட்டைப் பார்த்தார். அந்த உதடு நேற்று மதியம் அவரை இன்னும் கொஞ்சம் ஃபீலிங் சார் என்று கேட்ட உதடு. அவருடைய வாய் மூன்றாவது தரமாக, அகலமாக, சத்தமே இல்லாமல் திறந்தது.

இப்போது சிரிக்கலாம்.